வீட்டுக்கு உதவும் பச்சிலை: மாசிபத்திரி

விநாயகர் சதுர்த்தி நெருங்கிவிட்டால் எங்கள் ராஜபாளையம் கடைத்தெருவில் பத்திரிக் கட்டுகள் வந்து குவியும். பிள்ளையாருக்கு 21 விதமான இலைகளால் அர்ச்சனை செய்யும் வழக்கம் இங்கே தெலுங்கு பேசும் வீடுகளில் உண்டு. அந்த வரிசையில் முதலில் வருவது மாசிபத்திரி. பூக்காரம்மாவிடம் "மாசிப்பச்சை" என்று கேட்டாலும் எடுத்துக் கொடுப்பார்.

இது செவ்வந்தி, சூரியகாந்தி, கரிசலாங்கண்ணி குடும்பத்தைச் சேர்ந்தது. மருக்கொழுந்துக்கு நெருங்கிய உறவு. நீலகிரி, பழனி போன்ற உயரமான மலைகளில் புதராக வளரும். 'ஆர்ட்டிமிசியா நீலகிரிகா' என்று இதன் தாவரவியல் பெயரிலேயே நீலகிரி இருக்கிறது. நம்ம ஊர் வெயிலில் தானாக முளைப்பதில்லை. அதனால்தான் கீழே இவ்வளவு அபூர்வம்.

அபூர்வமான சரக்கில் கலப்படமும் வரும் அல்லவா? போன வருஷம் பக்கத்து வீட்டு இளம்பெண் ஒரு கட்டு வாங்கி வந்து, "பூஜைக்குப் போக மீதியைக் குழந்தை குளிக்கிற தண்ணியில போடலாமாக்கா?" என்று கேட்டாள். பிரித்துப் பார்த்தால் பாதிக்கு மேல் பார்த்தீனியம்! தெருவோரத்திலும் காலி மனையிலும் மண்டிக் கிடக்குமே, அதேதான். அதுவும் இதே குடும்பம்தான். அமெரிக்கக் கண்டத்துக் களை. 1950-களில் புனா பக்கம் தலைகாட்டி, பிறகு நாடு முழுக்கப் பரவிவிட்டது. பட்டால் சிலருக்குத் தோல் தடித்து அரிக்கும். அதன் மகரந்தம் தும்மலையும் இழுப்பையும் கொண்டுவரும். பச்சைக் குழந்தையின் தோல் தாங்குமா?

ஆகவே சகோதரிகளே, வாங்கும்போதே பார்த்துக்கொள்ளுங்கள்:

1. இலையைத் திருப்புங்கள். மாசிபத்திரியின் அடிப்பக்கம் பஞ்சு தடவினாற்போல் வெளுத்திருக்கும். பார்த்தீனியம் இரு பக்கமும் பச்சை.

2. கசக்கி முகர்ந்து பார்க்கலாம். ஆனால் அடி வெளுப்பு தெரிந்த பிறகே. மாசிபத்திரி கற்பூரம் கலந்தாற்போல் கமகமவென்று மணக்கும்.

3. கட்டில் கடுகளவு வெள்ளைப் பூக்கள் கொத்தாக இருந்தால் வாங்கவே வேண்டாம்.

கைபட்டுவிட்டால் சோப்புப் போட்டுக் கழுவுங்கள். வீட்டருகே முளைத்தால் கையில் பிளாஸ்டிக் பையை மாட்டிக்கொண்டு, பூக்கும் முன்பே வேரோடு பிடுங்குங்கள்.

அசல் மாசிபத்திரியைக் காயவைத்துப் பட்டுப் புடவை மடிப்பில் வைத்தால் நல்ல வாசனை, பூச்சியும் அண்டாது. ஆனால் கர்ப்பிணிகள் இதை உள்ளுக்குச் சாப்பிடவே கூடாது. செவ்வந்திப் பூ ஒத்துக்கொள்ளாதவர்கள் தொடாமலிருப்பது நல்லது. குழந்தை குளிக்கும் தண்ணீருக்கு வெந்நீரே போதும். எந்த இலையும் வேண்டாம்.

"மலேரியாவுக்கு இதிலிருந்துதானே மருந்து?" என்று சிலர் கேட்கிறார்கள். அது சீனாவில் வளரும் இதன் சகோதரச் செடி. அதிலிருந்து மருந்தைக் கண்டுபிடித்த தூ யூயூ என்ற அம்மையாருக்கு 2015-ல் நோபல் பரிசு கிடைத்தது. நம்ம செடியைக் கஷாயம் வைத்துக் காய்ச்சலுக்குக் கொடுத்துக்கொண்டு நாளைக் கடத்தாதீர்கள். டாக்டரிடம் போங்கள்.

சதுரகிரிக்குப் போகிறவர்கள் மூலிகை என்று கையில் கிடைத்ததைப் பறித்து வருகிறார்கள். அந்த மலைக்காடு 2021 முதல் ஸ்ரீவில்லிபுத்தூர்-மேகமலை புலிகள் காப்பகம். அங்கே செடி பிடுங்குவது குற்றம். அணிலும் யானையும் வாழும் இடத்தில் நமக்கு என்ன அவசரம்? நர்சரியில் ஒரு மாசிபத்திரிக் கன்று வாங்கி, மண்ணும் மணலும் தொழுவுரமும் கலந்த தொட்டியில், உச்சி வெயில் படாத இடத்தில் வையுங்கள். தண்ணீர் தேங்கக் கூடாது. வேர்விட்டுப் பக்கக் கன்றுகள் வந்தால் அக்கம்பக்கத்துக்கும் கொடுக்கலாம். அடுத்த சதுர்த்திக்குக் கட்டைப் பிரித்துப் பயப்பட வேண்டியதில்லை.

அடுத்த இதழில் கரிசலாங்கண்ணி.