முப்பது வருடம் ஆனதால் மட்டும் ஒத்தி நிலம் போய்விடாது

மணலி, எடயஞ்சாவடி, வல்லூர், அத்திப்பட்டுப் பக்கம் பழைய நிலத்தைப் பற்றிப் பேச்செடுத்தால் பதில் தயாராக இருக்கும். "ஒத்திக்குக் குடுத்து முப்பது வருஷம் தாண்டிடுச்சா? அப்போ மறந்துடுங்க, அது அவங்க நிலம்." புரோக்கர் இதைச் சொல்கிறார், பத்திரம் எழுதுபவர் சொல்கிறார், சில சமயம் வக்கீலே சொல்கிறார். தாத்தா சில நூறு ரூபாய்க்கு நெல்வயலை ஒத்தி வைத்திருப்பார். பேரன் எண்ணூரில் ஒப்பந்தத் தொழிலாளியாக இருப்பார். இந்த ஒரு வார்த்தையைக் கேட்டுவிட்டு அவர் எழுந்து போய்விடுகிறார். மூலப்பத்திரத்தைக்கூட யாரிடமும் காட்டுவதில்லை. அந்த வார்த்தை சட்டப்படி சரியல்ல என்பதால்தான் இதை எழுதுகிறேன்.

முப்பது வருடக் கணக்கு எங்கிருந்து வந்தது? 1908-ம் ஆண்டின் காலவரையறைச் சட்டத்தில் அடமானத்தை மீட்க அறுபது ஆண்டு அவகாசம் இருந்தது. 1963-ம் ஆண்டுச் சட்டம் 61-வது இனத்தில் அதை முப்பதாகக் குறைத்தது. இதுவரை சரிதான். ஆனால் அதே இனத்தின் அடுத்த பத்தியை யாரும் படித்துக் காட்டுவதில்லை. மீட்கும் உரிமை, அல்லது சுவாதீனத்தைத் திரும்பப் பெறும் உரிமை, எந்த நாளில் பிறக்கிறதோ அந்த நாளிலிருந்துதான் முப்பது ஆண்டு எண்ணப்படும். பத்திரம் எழுதிய தேதியிலிருந்து என்று அங்கே இல்லை.

நிலத்தைக் கையில் கொடுத்து, விளைச்சலை வட்டிக்கோ அசலுக்கோ ஈடாக எடுத்துக்கொள்ளச் சொல்லும் போக்கியத்தில் அந்த உரிமை எப்போது பிறக்கிறது? 1882-ம் ஆண்டுச் சொத்துரிமை மாற்றுச் சட்டத்தின் 62-வது பிரிவு இதற்குப் பதில் தருகிறது. விளைச்சலிலேயே கடன் தீர வேண்டும்; அல்லது நிலக்காரர் பாக்கியைச் செலுத்தவோ, கொடுக்க முன்வரவோ, நீதிமன்றத்தில் கட்டவோ வேண்டும். அதுவரை கடிகாரம் ஓடத் தொடங்குவதே இல்லை. 2014 ஆகஸ்டில் சிங் ராம் எதிர் ஷியோ ராம் வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் மூன்று நீதிபதிகள் அமர்வு இதை உறுதி செய்தது. ஒத்தி வைத்த நாளிலிருந்து முப்பது ஆண்டு கழிந்தது என்ற ஒரே காரணத்தால் நிலத்தை ஒத்திக்கு எடுத்த ஒத்திக்காரர் உரிமையாளராகிவிட மாட்டார் என்பதே அந்தத் தீர்ப்பின் சாரம். வழக்கு பஞ்சாப், ஹரியானா பக்கத்தது. சட்டம் இங்கும் அதுதான்.

நம் மாநிலத்தில் இதற்கு இன்னொரு வரலாறும் உண்டு. ராஜாஜி அமைச்சரவை 1938-ல் கொண்டுவந்த விவசாயிகள் கடன் நிவாரணச் சட்டத்தில் 1948-ல் 9-ஏ பிரிவு சேர்க்கப்பட்டது. 1947 செப்டம்பர் 30-க்கு முன் எழுதிய போக்கியத்தில் ஒத்திக்காரர் முப்பது ஆண்டு நிலத்தை அனுபவித்திருந்தால், கடன் முழுவதும் தீர்ந்ததாகவே கொள்ள வேண்டும் என்றது அந்தப் பிரிவு. ஊரில் நிலத்தை இழக்கச் சொல்லும் அதே முப்பது, இந்தச் சட்டத்தில் கடனை அழிக்கிறது. ஆனால் இதில் எச்சரிக்கை தேவை. சட்டம் சொல்லும் 'விவசாயி' என்ற வரையறைக்குள் வருபவருக்கே இந்தச் சலுகை. நகராட்சி எல்லைக்குள் இருக்கும் நிலத்தை வைத்து அந்தத் தகுதியைக் கோர முடியாது. கடன் தீர்ந்த நாளிலேயே சுவாதீனம் கேட்கும் உரிமை பிறந்துவிட்டது, அன்றிலிருந்து முப்பது ஆண்டும் போய்விட்டது என்று எதிர்த்தரப்பு வாதிடவும் இடமுண்டு. ஆகவே 9-ஏ பிரிவைக் காட்டித்தான் கேட்கப்போகிறோமா என்பதைத் தேதிகளோடு யோசித்த பிறகே முடிவு செய்ய வேண்டும்.

"பட்டா அவங்க பேர்ல, கிஸ்தி ரசீதும் அவங்க பேர்ல" என்பது அடுத்த வாதம். சுவாதீனத்தில் இருக்கும் ஒத்திக்காரர், பத்திரத்தில் வேறு விதமாக எழுதாதவரை, நில வருமானத்திலிருந்து அரசு வரியைக் கட்ட வேண்டும் என்கிறது சொத்துரிமை மாற்றுச் சட்டத்தின் 76-வது பிரிவு. விளைச்சலை வட்டிக்கு ஈடாக எடுத்துக்கொள்ளும் ஒப்பந்தம் இல்லாவிட்டால் வரவு செலவுக் கணக்கும் அவர்தான் வைக்க வேண்டும். அப்படியிருக்க அவர் வைத்திருக்கும் ரசீதுக் கட்டு, ஒத்திக்காரர் என்ற முறையில் தன் கடமையைச் செய்தார் என்பதைத்தான் காட்டும். பட்டா மாற்றமும் உரிமை மூலம் ஆகாது. நிலக்காரர் சம்மதத்தோடு உள்ளே வந்தவர், தன் பாட்டுக்கு 'இது என் நிலம்' என்று அறிவித்து எதிர் அனுபவ உரிமை கொண்டாட முடியாது.

சில பத்திரங்களில் 'இத்தனை வருடத்தில் மீட்காவிட்டால் இதுவே கிரயமாகும்' என்று ஒரு வரி இருக்கும். அதைக் காட்டி மிரட்டப்பட்ட குடும்பங்கள் உண்டு. ஆவணம் உண்மையில் அடமானமாக இருந்தால் மீட்கும் உரிமையை அப்படி ஒரு வரியால் பூட்ட முடியாது.

எதிர்த்தரப்பில் நியாயம் அறவே இல்லை என்று நான் சொல்லவில்லை. கிரயம் ஒரு பத்திரமாகவும் திருப்பித் தரும் ஒப்பந்தம் தனிப் பத்திரமாகவும் இருந்தால் அது அடமானமே ஆகாது. 1929-ல் அதே சட்டத்தின் 58-வது பிரிவில் சேர்த்த விதி அப்படி. அங்கே கெடு தவறினால் தவறியதுதான். இந்தப் பகுதிக்கு மிக முக்கியமானது இன்னொன்று. ஒத்திக்காரர் நிலத்தைத் தன்னுடையது என்று விலை பேசி மூன்றாம் ஆளுக்கு விற்றிருந்தால், அந்த விற்பனை நமக்குத் தெரிந்த நாளிலிருந்து பன்னிரண்டே ஆண்டுதான் அவகாசம். மனை போட்டு விற்கப்பட்ட பழைய வயல்கள் நிறைந்த ஊர்களில் உரிமை போவது பெரும்பாலும் இந்தப் பன்னிரண்டில்தான் என்று நினைக்கிறேன்.

"ஐந்நூறு ரூபாயைக் கட்டிட்டு கோடி ரூபா நிலத்தைக் கேட்பது அநியாயம்" என்றும் சொல்கிறார்கள். பல பத்தாண்டு நெல்லை யார் வீட்டுக் குதிரில் கொட்டினார்கள்? கொடுத்த பணத்துக்கு நிலம் ஒவ்வொரு போகமும் வட்டி கட்டிக்கொண்டே இருந்தது. விலை ஏறியது துறைமுகமும் ஆலையும் வந்ததால். அந்த ஏற்றம் நிலக்காரருக்குச் சேர வேண்டியது.

கடைசி வாதம்: "நிலமே இல்லையே, கம்பெனிக்கு எடுத்துட்டாங்களே." 1965-ல் தொடங்கப்பட்ட மணலி சுத்திகரிப்பு ஆலை முதல் 2001-ல் செயல்படத் தொடங்கிய எண்ணூர் துறைமுகம் வரை இந்தப் பட்டையில் நில எடுப்பு நடந்துகொண்டே வந்திருக்கிறது. நிலம் போனாலும் இழப்பீடு அதன் இடத்தில் நிற்கிறது. சொத்துரிமை மாற்றுச் சட்டத்தின் 73-வது பிரிவின்படி ஒத்திக்காரர் அந்தத் தொகையிலிருந்து கேட்கக்கூடியது தன் ஒத்திப் பணத்தை மட்டுமே, மீதி நிலக்காரருடையது. யாருக்குச் சேரும் என்ற தகராறு எழுந்த இழப்பீடுகளை 2013 வரை அமலில் இருந்த 1894-ம் ஆண்டு நில எடுப்புச் சட்டப்படி நீதிமன்றத்தில் கட்டினார்கள். எனவே முதலில் சார்பதிவாளர் அலுவலகத்தில் பழைய வில்லங்கம் தேடி, ஒத்திப் பத்திரத்தின் சான்றிட்ட நகலை வாங்குங்கள். பிறகு நில எடுப்பு உத்தரவில் உங்கள் சர்வே எண்ணுக்கு நேராக யார் பெயர் இருக்கிறது, பணம் யாரிடம் போனது என்று கேளுங்கள். நிலம் இன்னும் ஒத்திக்காரர் கையிலேயே இருந்தால் ஒத்திப் பணத்தைச் சொத்துரிமை மாற்றுச் சட்டத்தின் 83-வது பிரிவின்கீழ் நீதிமன்றத்தில் கட்டலாம். வாரிசுகள் எல்லோரும் ஒன்றுகூடும்வரை காத்திருக்க வேண்டாம். ஒருவரே முழுத் தொகையையும் கட்டி மீட்கச் சட்டம் இடம் தருகிறது.