உள்வாடகை சண்டை: கடைசியில் தெருவில் நிற்பது யார்?

வாடகை வழக்கு நடக்கும் கோர்ட்டு வராந்தாவில் இந்தக் காட்சியைப் பார்க்கலாம். ஒரு பக்கம் கட்டிடக்காரர், அவர் வக்கீல். இன்னொரு பக்கம் வாடகைதாரர், அவர் வக்கீல். தூண் ஓரமாக ஒருவர் கையைப் பிசைந்தபடி நிற்பார். அவருக்கு வக்கீல் கிடையாது. வழக்கில் அவர் பெயர் இருந்தாலும் இருக்கும், இல்லாமலும் போகும். ஆனால் பூட்டு விழப்போவது அவர் கடைக்குத்தான்!

அவர்தான் உள்வாடகைக்காரர்.

சென்னையில் மண்ணடி, சவுகார்பேட்டை, புரசைவாக்கம் பக்கம் உள்ள பழைய கட்டிடங்களில் இது சகஜம். அப்பா காலத்தில் பிடித்த கடை. வாடகையும் கிட்டத்தட்ட அப்பா காலத்து வாடகைதான். வியாபாரம் படுத்துவிட்டது. அதற்காகக் கடையைத் திருப்பிக் கொடுக்க மனசு வருமா? நடுவில் ஒரு பலகைத் தடுப்பு. பாதியில் செல்போன் ரிப்பேர் கடை. கட்டிடக்காரருக்குக் கொடுப்பது நூற்றுக்கணக்கில், உள்ளே வாங்குவது ஆயிரக்கணக்கில். அட்வான்ஸ் தனி.

"ரசீது அண்ணே?"

"ரசீது எல்லாம் எதுக்குத் தம்பி? யாராவது கேட்டா நம்ம பார்ட்னர்னு சொல்லிடு."

இந்தப் 'பார்ட்னர்' வேஷம் கோர்ட்டில் எத்தனையோ தடவை கலைந்திருக்கிறது. உள்வாடகை என்பதே திரைமறைவில் நடக்கிற காரியம், பணம் கை மாறியதைக் கட்டிடக்காரர் நேரில் பார்த்துச் சாட்சி சொல்ல முடியாது, அதை ஊகித்துக் கொள்ளலாம் என்று சுப்ரீம் கோர்ட்டு 1998-ல் சொல்லிவிட்டது. வெளி ஆள் ஒருவர் இடத்தைத் தனியாக ஆண்டு கொண்டிருந்தால் போதும். அது உள்வாடகை அல்ல என்று வாடகைதாரர்தான் காட்ட வேண்டும். நிஜமாகவே கூட்டு வியாபாரமாக இருந்து, கடையும் அவர் கைக்குள் இருந்தால் தப்பலாம். சாவியே மற்றவரிடம் இருந்தால் எப்படித் தப்புவது?

அதற்காகக் கட்டிடக்காரர்கள் எல்லாரும் அப்பாவிகள் இல்லை. தினம் அந்த வழியாகத்தான் போகிறார். புதுப் போர்டு கண்ணில் படாமலா இருக்கும்? வருஷக்கணக்கில் வாயே திறக்க மாட்டார். பில்டர் வந்து விலை பேசியதும் திடீரென்று கண் தெரியும், வக்கீல் நோட்டீஸ் பறக்கும். சிலர் கோர்ட்டுக்குக்கூடப் போவதில்லை. தண்ணீரை நிறுத்துவார்கள், கரண்டைப் பிடுங்குவார்கள். பழைய சட்டமும் புதுச் சட்டமும் அதைத் தடுக்கின்றன. இருந்தும் நடக்கிறது.

"அவருக்குத் தெரியும் சார், ஒண்ணும் சொல்லலை" என்ற பேச்சு பெரும்பாலும் எடுபடாது. 1960-ம் வருஷத்து வாடகைக் கட்டுப்பாட்டுச் சட்டம் கேட்டது எழுத்து மூலமான சம்மதம். ஒப்பந்தத்தில் உரிமை இல்லாமல், அந்தச் சம்மதமும் இல்லாமல் 1945 அக்டோபர் 23-ந் தேதிக்குப் பிறகு உள்வாடகைக்கு விட்டிருந்தால் காலி செய்யச் சொல்லலாம். அதன் இடத்தில் 2019 பிப்ரவரி 22-ல் அமலுக்கு வந்த புதுச் சட்டமும் எழுத்தைத்தான் கேட்கிறது.

ஆகக் கட்டிடக்காரருக்கு இடம் கிடைக்கும். வாடகைதாரர் அத்தனை வருஷம் அடுத்தவர் சுவரை வைத்துச் சம்பாதித்தாகிவிட்டது. நடுவில் இருந்தவர் கதி?

வாடகைதாரர் மீதான தீர்ப்பு உள்வாடகைக்காரரையும் கட்டுப்படுத்தும், அவரை வழக்கில் சேர்த்தே ஆகவேண்டும் என்பதில்லை என்று 1964-லேயே சுப்ரீம் கோர்ட்டு சொல்லிவிட்டது. அமீனா வந்து நிற்கும்போதுதான் பல பேருக்கு வழக்கு நடந்ததே தெரிகிறது! போலீஸ் ஸ்டேஷனுக்கு ஓடினால், "சிவில் மேட்டர், கோர்ட்டுக்குப் போ" என்ற பதில்தான்.

எல்லாவற்றிலும் மோசம், நோட்டீஸ் வந்த பிறகும் அதை மறைத்து அட்வான்ஸ் வாங்குகிற வாடகைதாரர். அதை வெறும் வாடகைத் தகராறு என்று போலீசார் ஒதுக்கக் கூடாது. அது பச்சை மோசடி. புகாரை வாங்கி விசாரித்தால் நாலு பேராவது பயப்படுவார்கள்.

கட்டிடக்காரரும் போர்டு மாறிய அன்றே ஒரு கடிதம் போட்டிருந்தால், அந்தச் செல்போன் கடைக்காரர் மனைவியின் நகையை அடகு வைத்து ஷோகேஸ் செய்திருக்க மாட்டார்.

இப்போது கொடுத்த அட்வான்ஸைக் கேட்டு அவரும் வழக்குப் போடலாம். ஆனால் கையில் ஒரு துண்டுச் சீட்டாவது இருக்க வேண்டுமே!