இரண்டு பணம்!

தோழனே!

அண்ணாமலை தீபத்துக்கு நெய் தருவோர் ஆயிரமாயிரம். தரட்டும், நான் தடுக்கவில்லை. அதே மலையடிவாரத்திலே, தாயின் இதய நோய்க்காக மனைவியின் தாலியை அடகு வைக்கிறானே ஒருவன், அவன் கடனை யார் தீர்ப்பது?

கருணை தீர்க்கும் என்கிறார்கள் கனவான்கள். காட்டுவது பக்கத்து வேலூரை! தலை வணங்குவோம். பத்தொன்பதாம் நூற்றாண்டின் இறுதியிலே, திண்டிவனத்தில் ஒரே இரவில் மூன்று பெண்கள் பேறுகாலத்தில் மடிந்தனர். ஆண் மருத்துவர் தொடக்கூடாதாம்! சம்பிரதாயம் செய்த கொலை! கண்டு துடித்த ஐடா ஸ்கடர் அமெரிக்கா சென்று மருத்துவம் கற்று வந்தார். ஷெல் என்ற வங்கியாளர் 10,000 டாலர் தந்தார். 1902-ல் வேலூரிலே 40 படுக்கைகளோடு மருத்துவமனை எழுந்தது.

வங்கியாளர் மனம் இளகாதிருந்தால்? ஏழையின் உயிர் எவரோ ஒருவர் நெஞ்சின் ஈரத்திலே தொங்குவதா?

ஏசுநாதர் சொன்ன சமாரியன் கதையைப் பார். குற்றுயிராய்க் கிடந்தவனைச் சத்திரத்தில் சேர்த்தான். இரண்டு பணம் கொடுத்தான். மேற்கொண்டு செலவானால் திரும்புகையில் தருவதாகப் பொறுப்பும் ஏற்றான். காப்பீட்டு அட்டை எங்கே என்று கேட்டானில்லை!

பணமில்லை என்பதற்காக எவருக்கும் மருத்துவம் மறுக்கப்படலாகாது என்றது, 1946-ல் சர் ஜோசப் போர் தலைமையிலான குழு. 2025-க்குள் மொத்த உற்பத்தியில் 2.5 விழுக்காட்டை மக்கள் நல்வாழ்வுக்கு அரசுகள் செலவிடும் என்று 2017-ல் எழுதியது டில்லி. மத்திய, மாநில அரசுகள் அனைத்தும் சேர்ந்து 2021-22-ல் செலவிட்டதோ 1.84!

சத்திரக்காரன் கணக்கை நீட்டுகிறான், தோழனே. அடுத்த கிளைக் கூட்டத்திலே அந்த இரண்டு எண்களையும் கரும்பலகையில் எழுதி வை. டில்லிக்குப் பரிந்து பேச வருவோர் வந்து கழித்துக் காட்டட்டும்!