பெயரிலேயே ஒரு பிணி

முதுமையில் புத்தியையும் ஞாபகத்தையும் அரிக்கும் டிமென்ஷியாவுக்குச் சீன பாஷையில் நெடுங்காலமாக வழங்கிவரும் ‘ச்சிதாய்’ என்னும் சொல்லின் இரண்டு எழுத்துக்களுக்கும் மடமை, மந்தம் என்பதே பொருள்; பெற்ற தாய்க்கு அப்பெயரைச் சூட்ட எந்தப் பிள்ளைக்கு மனம் வரும்? அதே எழுத்துக்களைக் கையாண்ட ஜப்பான் 2004-இல் பெயரை மாற்றிற்று. தைவானும் ஹாங்காங்கும் மாற்றிக்கொண்டன.

ஆஸ்திரேலியாவில் குடியேறிய சீனக் குடும்பங்களின் சங்கடம் இன்னும் சூக்ஷ்மமானது. நடுவயதில் கற்ற ஆங்கிலம் நழுவிப்போய், பால்யத்துக் கான்டனீஸ் மாத்திரம் நாவில் எஞ்சிய மூதாட்டி ஒருவர் முன்பு, வேறொரு சீன மொழியான மாண்டரின் மட்டுமே அறிந்த மொழிபெயர்ப்பாளரை அமர்த்தி, புத்தியைச் சோதிக்கும் பொருட்டுக் கடிகாரமொன்று வரைந்து மணி பதினொன்று பத்தைக் காட்டுமாறு பணித்தால், பேனாவும் கையுமாக அவர் மௌனமாயிருப்பது மறதியினாலா, கேள்வி விளங்காமையினாலா என்பதை எந்த வைத்தியர் நிர்ணயிப்பார்? (எழுத்திலோ, பழைய வடிவம், எளிதாக்கிய வடிவம் என்று வேறு இரண்டு!)

டிமென்ஷியா ஆஸ்திரேலியா ஸ்தாபனம் சீனத்தில் பிரசுரங்கள் வெளியிடுவதும், மொழிபெயர்ப்பாளர் துணையோடு தொலைபேசியில் ஆலோசனை வழங்குவதும் போற்றத்தக்கனவே. ஆயினும் ‘சீனம்’ என்று ஒரே கட்டத்தில் குறியிட்டுத் திருப்தியடையும் வைத்தியசாலைகள், வீட்டில் அம்மா எந்த மொழியில் பேசுவார் என்பதையே முதற்கேள்வியாகக் கேட்கவேண்டும்.