பந்தல் பிரித்தாயிற்று, படம் வரவில்லை

ஸ்ரீவில்லிபுத்தூரில் ஆண்டாளுக்கும் ரங்கமன்னாருக்கும் வருஷந்தோறும் பங்குனி உத்திரத்தன்று திருக்கல்யாணம் நடக்கிறது. இவ்வருஷம் ஸேவிக்கத் தவறியவர்கள் வரும் வருஷம் ஸேவித்துக்கொள்ளலாம். மானிடர் விவாகத்தில் அந்தச் சௌகரியம் கிடையாது. தாலி ஏறும் கணம் ஒன்றே ஒன்று, போனால் போனதுதான். ஆகவேதான் நமது பக்கத்துக் கிராமங்களில்கூட, மேளக்காரரை அமர்த்துவதற்கு முன்னரே போட்டோக்காரரை அமர்த்திவிடுகிறார்கள். மேளம் சுகமில்லையென்றால் அன்றைக்கே தெரிந்துவிடும். சாம்பாரில் உப்புக் குறைந்தால் முதற்பந்தியிலேயே சம்பந்தி வீட்டார் தெரிவித்துவிடுவார்கள். போட்டோக்காரர் விஷயம் அப்படியன்று. பந்தல் பிரித்து, வாடகைப் பாத்திரம் திருப்பி, மறுவீடு கழிந்து, பெண்ணும் மாப்பிள்ளையும் குடித்தனம் தொடங்கிய பிறகுதான் அவர் குணம் வெளியாகும்.

ராஜபாளையத்தை அடுத்த சோழபுரத்தில் நமக்கு வேண்டிய குடும்பம் ஒன்று உண்டு. ஆவணியில் அவ்வீட்டுப் பெண்ணுக்கு விவாகம். அயலூர்ப் போட்டோக்காரர் ஒருவரை அமர்த்தி, பேசிய தொகையில் பாதியை முன்பணமாகவும், முகூர்த்தத்தன்று மேலும் ஒரு பகுதியையும் கொடுத்தார்கள். ஆல்பம் நாற்பது நாளில் என்பது பேச்சு. நாற்பதாம் நாள் பெண்ணின் தகப்பனார் டெலிபோனில் விசாரித்தார். "முகூர்த்த நெரிசல், அண்ணாச்சி. தீபாவளி கழியட்டும்" என்று பதில் வந்தது. தீபாவளி கழிந்தது. அப்புறம் மணி அடிக்கும், எடுப்பாரில்லை. வாட்ஸ்அப்பில் எழுதினால் இரண்டு நீலக் கோடுகள் விழும். அதாவது, படித்துவிட்டார் என்று பொருள். பதில் மட்டும் வராது.

இவ்வளவோடு நின்றிருந்தால் இதை ஒரு பத்திரிகைக் கட்டுரையாக்கும் அவசியம் நமக்கு நேர்ந்திராது. கார்த்திகையில் பெண்ணின் பாட்டியம்மாள் காலமானார். வயது எண்பத்து நான்கு. காமிராவைக் கண்டால் முந்தானையால் முகத்தை மறைத்துக்கொள்ளும் சுபாவம் அந்த அம்மாளுக்கு. பேத்தியின் முகூர்த்தத்தன்றுதான் மறைக்க மறந்து, மணவறையில் நின்று அட்சதை போட்டு, பேத்தியின் கன்னத்தை வழித்துத் திருஷ்டி கழித்தார். போட்டோக்காரர் அதை எடுத்ததைக் கூடியிருந்தவர்கள் எல்லோரும் பார்த்தார்கள். பதினாறாம் நாள் காரியத்துக்கு மாலை போட ஒரு படம் வேண்டியிருந்தது. ஆதார் அட்டையிலிருந்த படத்தைப் பெரிதாக்கி வைத்தார்கள். ஆதார் படத்தில் யார்தான் தம்மைப்போல் இருக்கிறார்கள்!

போட்டோக்காரர் கக்ஷியையும் கேட்பதுதான் தர்மம். ஆடியிலும் மார்கழியிலும் நமது ஜனங்கள் விவாகம் செய்வதில்லை; மற்ற மாதங்களிலோ நல்ல முகூர்த்தம் ஒன்று வந்தால் ஒரே நாளில் ஊரெல்லாம் மேளம். கிடைத்த நாளில் மூன்று விவாகங்களை ஒப்புக்கொண்டு, தாம் ஒன்றுக்குப் போய், மற்றவற்றுக்குத் தினக்கூலிக்கு ஆள் அனுப்புகிறவர்கள் உண்டு. படம் எடுப்பவர் ஒருவர், ஆல்பத்தை அமைப்பவர் வேறொருவர், அச்சிடும் கூடம் வேறோர் ஊரில். இந்த வீட்டு முன்பணம் போன வீட்டு ஆல்பத்துக்கும், காமிராத் தவணைக்கும் போய்விடும். இந்த ஆல்பத்துக்கு அடுத்த வீட்டு முன்பணம் வரவேண்டும். சங்கிலி எங்கேயோ அறுந்தால் மனிதர் டெலிபோனை எடுக்க வெட்கப்படுகிறார். பெரும்பாலும் இது திருட்டன்று, கடன்காரனின் மௌனம் என்பதே நமது அபிப்பிராயம். வீட்டாரும் சளைத்தவர்களல்லர். இரண்டாயிரம் படங்களைக் கையில் கொடுத்து, ஆல்பத்துக்கு நூறு பொறுக்கித் தாருங்கள் என்றால், மாமியார் முகம் சரியில்லை, நாத்தனார் கண்ணை மூடிவிட்டாள் என்று ஆறு மாதம் கழிக்கிற குடும்பங்களை நாம் அறிவோம்.

ஆனால் மௌனம் நீள நீள ஓர் அபாயம் வளர்கிறது. அதை வீட்டார் அறிவதில்லை. பழைய நாளில் பிலிம் சுருள் இருந்தது. போட்டோக்காரர் சோம்பேறியானாலும் நெகடிவ் பெட்டியில் கிடக்கும். பத்து வருஷம் கழித்தும் பிரதி எடுக்கலாம். இப்போதோ படங்கள் நகம் அளவுள்ள ஒரு மெமரி கார்டில் இருக்கின்றன. அடுத்த விவாகத்துக்கு அதே கார்டைத் துடைத்து உபயோகிப்பார்கள். கம்ப்யூட்டரில் பிரதி எடுத்து வைத்திருந்தால் க்ஷேமம். இல்லாவிட்டால், துடைத்த கார்டின்மேல் புதுப்படம் பதியாதவரையில் பழையதை மீட்க வழியுண்டு. பதிந்துவிட்ட இடத்தில் இருந்தது போனதுதான். ஆகையால் ஆல்பம், ஆல்பம் என்று கேட்டுக்கொண்டிருப்பது வீண். அழகு செய்யாத மூலப்படங்களை, உள்ளது உள்ளபடி, முதலில் கைப்பற்ற வேண்டும். ஆல்பத்தை யாரிடமும் பிறகு போட்டுக்கொள்ளலாம்.

இதைச் சொல்லி, ஒரு ஹார்ட் டிஸ்க்கை வாங்கிக் கையில் கொடுத்து, தகப்பனாரை நேரில் போகச் சொன்னோம். டெலிபோனில் ஒளிகிறவர் நேரில் ஒளிவது கடினம். ஸ்டூடியோ திறந்திருந்தது. பையன் ஒருவன் இருந்தான். முதலாளி வெளியூர் என்றான். வாடிக்கையாளரே வியாபாரத்தின் உயிர் என்ற கருத்தில், மகாத்மா சொன்னதாக ஒரு வாசகம் சுவரில் கண்ணாடிச் சட்டத்துக்குள் தொங்கிற்றாம். கடைதோறும் தொங்குகிற வாசகந்தான் அது. 1890-இல் தென்னாப்பிரிக்காவில் மகாத்மா பேசியது என்று அடியில் போட்டிருப்பார்கள். 1890-இல் அவர் லண்டனில் பாரிஸ்டர் படிப்புப் படித்துக்கொண்டிருந்தார். தென்னாப்பிரிக்காவுக்குக் கப்பலேறியது 1893-இல். மகாத்மாவின் பேரைச் சுவரில் மாட்டுகிறவர்கள் தேதியையாவது சரிபார்க்கலாம்.

அடுத்தபடி ஒரு கடிதம் எழுதுவித்தோம். வசைமொழி ஒன்றும் இல்லை. விவாகத் தேதி, பேசிய தொகை, கொடுத்த தொகை, வாக்களித்த நாள், கேட்ட நாட்கள், பதினைந்து நாளுக்குள் மூலப்படங்கள் வேண்டும் என்ற கோரிக்கை, அவ்வளவே. பதிவுத் தபாலை 2025-இல் விரைவுத் தபாலோடு சேர்த்துவிட்டார்கள். ஆகவே பெற்றுக்கொண்டதற்கு அத்தாட்சி கிடைக்கும்படி விரைவுத் தபாலில் அனுப்பச் செய்தோம். பணம் சென்ற வங்கிக் குறிப்பையும், வாட்ஸ்அப் சம்பாஷணைகளையும் அச்செடுத்து வைத்துக்கொள்ளச் சொன்னோம். முகநூலில் அவரைச் சந்தி சிரிக்க வைக்கலாம் என்று மாப்பிள்ளை துடித்தார். வேண்டாமென்று தடுத்தோம். கோபத்தில் ஒரு வார்த்தை கூடிப்போனால் மானநஷ்ட வழக்கு நம்மேல் திரும்பும், படமும் வராது.

பன்னிரண்டாம் நாள் போட்டோக்காரரே வீடு தேடி வந்தார். கூலிக்கு வந்த ஆளுக்குச் சம்பளம் பாக்கியாம். அவன் கார்டைக் கொடாமல் வைத்திருந்தானாம். பாட்டியம்மாள் படம் அதில் இருந்தது. முகம் பாதி மாப்பிள்ளையின் தோளுக்குப் பின்னால் மறைந்திருக்கிறது. சிரிப்பு முழுவதும் தெரிகிறது. ஆல்பத்தை வேண்டாமென்று சொல்லி, கணக்கைத் தீர்த்துக்கொண்டார்கள்.

அவர் வராதிருந்தால் என்ன வழி? போலீஸுக்கு ஓடுவதில் அதிகப் பிரயோஜனமில்லை. ஆதியிலிருந்தே ஏமாற்றும் எண்ணம் இருந்ததென்று காட்டாவிட்டால், இது சிவில் விவகாரம் என்று சொல்லிவிடுவார்கள். 1986-ஆம் வருஷத்துச் சட்டத்துக்குப் பதிலாக வந்த 2019-ஆம் வருஷத்து நுகர்வோர் பாதுகாப்புச் சட்டம் 2020 ஜூலை 20 முதல் அமுலில் இருக்கிறது. கூலி பெற்றுச் செய்யும் வேலையில் குறை வைத்தால் மாவட்ட நுகர்வோர் ஆணையத்தில் முறையிடலாம். விருதுநகர் மாவட்டத்துக்குரிய ஆணையம் ஸ்ரீவில்லிபுத்தூரிலேயே இருப்பது நமது பக்கத்தாருக்கு ஒரு பாக்கியம். போட்டோக்காரர் எவ்வூராராயினும், முறையிடுகிறவர் குடியிருக்கும் இடத்திலேயே வழக்குத் தொடுக்கலாம் என்பது புதிய சட்டத்தின் நல்ல அம்சம். கொடுத்த தொகை 5 லட்சத்துக்கு மேற்படாவிட்டால் கட்டணம் இல்லை. வக்கீல் வைக்கவேண்டிய நிர்ப்பந்தமும் இல்லை. இரண்டு வருஷத்துக்குள் தொடுக்கவேண்டும் என்பதை மட்டும் மறக்கலாகாது. அதற்கும் முன்னே, 1915 என்ற எண்ணுக்கு டெலிபோன் செய்தால், தேசிய நுகர்வோர் உதவி நிலையத்தார் சமரசத்துக்கு முயன்று பார்ப்பார்கள்.

"படம் எடுத்தவன் நான், உரிமை என்னுடையது" என்று சில போட்டோக்காரர்கள் வாதிப்பதுண்டு. 1957-ஆம் வருஷத்துப் பதிப்புரிமைச் சட்டம், 17-ஆவது பிரிவு, வேறு விதமாகச் சொல்கிறது. ஒருவர் பணம் கொடுத்து எடுக்கச் சொன்ன போட்டோவுக்கு, மாறான ஒப்பந்தம் இல்லாதவரையில், எடுக்கச் சொன்னவரே முதல் உரிமையாளர்.

பணம் திரும்பினால் சரி, துக்கத்துக்கு யார் விலை போடுவது என்ற கேள்வியும் கோர்ட்டுகளுக்குப் புதிதன்று. ஸ்காட்லாந்தில் 1971-இல் தீர்ப்பான ஒரு வழக்கில், விவாகத்துக்கு வருவதாக ஒப்புக்கொண்டு வராமற்போன போட்டோக்காரர் மணப்பெண்ணுக்கு 30 பவுன் கொடுக்க நேர்ந்தது. ஒப்பந்தம் மீறியதற்கு மனவருத்தத்துக்கென்று ஈடு கொடுப்பது அந்நாட்டுச் சட்டத்தில் அபூர்வம். விவாகப் படமோ மனச்சந்தோஷத்துக்காகவே எடுக்கப்படுவது என்பதால் கோர்ட்டு இணங்கிற்று. நமது நுகர்வோர் சட்டத்தில் மனவுளைச்சலுக்கும் ஈடு கேட்கலாம். கேரளத்து எர்ணாகுளம் ஆணையம், விவாக ஆல்பமும் வீடியோவும் கொடாத ஒரு வழக்கில், கொடுத்த பணத்தோடு சேர்த்து லட்ச ரூபாய்க்கு மேல் கொடுக்கும்படி உத்தரவிட்டிருக்கிறது.

மகாத்மாவைப் படமெடுக்கக் கனு காந்திக்கு அனுமதி கிடைத்தபோது நிபந்தனைகள் மூன்று: பளிச்சிடும் விளக்கு கூடாது, இப்படி நில்லுங்கள் என்று சொல்லக்கூடாது, ஆசிரமம் பணம் கொடாது. நமது விவாகங்களில் மூன்றும் தலைகீழ். எனினும் நிபந்தனையை முன்கூட்டியே பேசிவிட்ட அந்த வழக்கத்தை நாமும் கைக்கொள்ளலாம். தையில் முகூர்த்தம் வைத்திருப்பவர்கள் ஒரு தாளில் இவற்றை எழுதிக் கையெழுத்து வாங்கட்டும்: எடுக்க வருபவர் யார்; மூலப்படங்கள் எத்தனை நாளில்; ஆல்பம் எத்தனை நாளில்; கடைசித் தவணை எதைப் பெற்றுக்கொண்ட பிறகு. முகூர்த்தம் முடிந்து போட்டோக்காரர் இலையில் உட்காரும்போது, அவர் கார்டிலுள்ளதை வீட்டு ஹார்ட் டிஸ்க்கில் பிரதி எடுக்க ஒரு பையனை ஏற்பாடு செய்து வைப்பது இன்னும் விசேஷம். பாயசம் பரிமாறுவதற்குள் பெரும்பகுதி முடிந்துவிடும்.