பாப் யூக்கர் அவ்வளவு மோசமான ஆட்டக்காரரா? தன்னைத்தானே கலாய்த்து டிவி ஸ்டாரான பேஸ்பால் வீரர்

பேஸ்பால் பார்க்காத அமெரிக்கர்களுக்கும் பாப் யூக்கரைத் தெரியும். ஏபிசி சேனலில் 1985 முதல் 1990 வரை ஓடிய 'மிஸ்டர் பெல்வெடெர்' காமெடி தொடரின் அப்பா அவர்தான். 1989-ல் வந்த 'மேஜர் லீக்' படத்தில், மைக் முன்னால் உட்கார்ந்து குடித்துக்கொண்டே வர்ணனை செய்யும் ஹாரி டாயலும் அவரே. ஜானி கார்சனின் இரவு ஷோவுக்குத் திரும்பத் திரும்பக் கூப்பிடப்பட்ட விருந்தாளியும்கூட. இத்தனைக்கும் நடிப்பு அவருக்கு சைடு வேலைதான். மெயின் வேலை, சொந்த ஊரான மில்வாக்கியின் புரூவர்ஸ் அணிக்கு ரேடியோ வர்ணனை. 1971-ல் பிடித்த மைக்கை 2024 சீசன் வரை விடவில்லை. 2025 ஜனவரியில், 90 வயதில் காலமானார்.

அவரைப் பற்றி எல்லோரும் சொல்லும் கதை இது: ஆட்டத்தில் தோற்றார், அந்தத் தோல்வியையே ஜோக்காக்கி ஜெயித்தார். கேட்க நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் பாதிதான் உண்மை.

1962 முதல் 1967 வரை 6 சீசன் ஆடினார். மொத்தம் 14 ஹோம் ரன். பேட்டிங் சராசரி .200, அதாவது ஐந்து முறை பேட் பிடித்தால் ஒருமுறைதான் உருப்படியான அடி. சுமார்தான், சந்தேகமில்லை. ஆனால் அன்றைக்கு மேஜர் லீக்கில் இருந்தது 20 அணிகள், அணிக்கு 25 பேர். நாடு முழுக்க 500 சீட். அதில் ஒன்றை 6 வருடம் பிடித்து வைத்திருந்தவரை 'மோசமான வீரர்' என்று எப்படிச் சொல்வது? அவர் கேட்சர், கிட்டத்தட்ட நம்ம விக்கெட் கீப்பர் மாதிரி. அந்த இடத்துக்கு அணிகள் பேட்டை மட்டும் பார்த்து ஆள் எடுப்பதில்லை. 1965-ல் சாண்டி கோஃபாக்ஸ் பந்தில் ஹோம் ரன் அடித்திருக்கிறார். அந்தக் காலத்து பேட்டர்களை நடுங்க வைத்த பவுலர் கோஃபாக்ஸ். யூக்கர் அதையும் விடவில்லை. தன்னிடம் அடி வாங்கிய பாவத்துக்கு கோஃபாக்ஸை ஹால் ஆஃப் ஃபேமில் சேர்க்க மாட்டார்களோ என்று பயந்ததாகச் சொல்லிக்கொண்டிருந்தார்.

1967-ல் ஃபில் நீக்ரோவின் பந்துகளைப் பிடிக்கும் பொறுப்பு வந்தது. நீக்ரோ போடும் 'நக்கிள்பால்' சுழலாமல் தள்ளாடித் தள்ளாடி வரும், எந்தப் பக்கம் போகும் என்று போட்டவருக்கே தெரியாது. அந்த சீசனில் யூக்கர் கோட்டைவிட்ட பந்துகள் 27. லீக்கிலேயே அதிகம். அதைப் பிடிப்பது ஈஸி, உருண்டு நிற்கும் வரை காத்திருந்து எடுத்துக்கொள்ளலாம் என்பது அவர் கொடுத்த டிப்ஸ்!

.200 அடித்தவர்கள் எத்தனையோ பேர். கார்சன் அவர்களைக் கூப்பிடவில்லையே? கூப்பிட வைத்தது தோல்வி அல்ல, முகத்தில் சிரிப்பே காட்டாமல் அதைச் சொன்ன விதம். அது தனித் தொழில், தனி உழைப்பு. பெரிய ஸ்டார் வீரர்கள் சினிமாவில் பெரும்பாலும் தாங்களாகவே வந்து, கையாட்டிவிட்டுப் போவார்கள். அசடு வழிந்தால் இமேஜ் போய்விடுமே! மில்லர் லைட் பீர் விளம்பரத்தில் யூக்கர் என்ன செய்தார் தெரியுமா? முன்வரிசை சீட்டு கிடைக்கப்போகிறது என்று பந்தாவாகக் கிளம்பி, கடைசியில் ஸ்டேடியத்தின் உச்சாணியில் தனியாக உட்கார்ந்திருந்தார். அதன் நினைவாக மில்வாக்கி ஸ்டேடியத்தின் கடைசி வரிசையில் 2014-ல் அவருக்குச் சிலையே வைத்துவிட்டார்கள்.

காசும் ஒரு காரணம் என்பதை மறக்கக் கூடாது. 1967 வரை மேஜர் லீக் வீரரின் குறைந்தபட்ச ஆண்டுச் சம்பளம் 6,000 டாலர். ஆட்டம் முடிந்தால் வேறு பிழைப்பு தேடியே ஆக வேண்டும். சக் கானர்ஸும் அப்படிப் போனவர்தான். மேஜர் லீக்கில் மொத்தம் 67 ஆட்டம், பிறகு 'தி ரைஃபிள்மேன்' தொடரின் ஹீரோ. ஆனால் அவர் நடிக்கப் போனதும் பேஸ்பாலை விட்டுவிட்டார். யூக்கர் விடவில்லை. இன்று ஷோஹெய் ஒடானிக்கு 10 வருட ஒப்பந்தம் 70 கோடி டாலர். இந்தச் சம்பளத்தில் யாராவது தன்னைத் தானே கலாய்த்துக்கொள்ள மெனக்கெடுவார்களா என்ன?

இன்னொன்று: கேலி எப்போதும் அவர் மீதுதான். களத்தில் சொதப்பிய இளம் வீரரை மைக்கில் மட்டம் தட்டிப் பெயர் வாங்கவில்லை. ஆட்டம் சூடுபிடித்தால் ஜோக்கை நிறுத்திவிட்டு ஆட்டத்தைச் சொல்வார். டிவியில் மட்டும் பார்த்தவர்களுக்கு இந்த யூக்கரைத் தெரியாது.

வர்ணனைக்கான ஃபோர்டு சி. ஃப்ரிக் விருது 2003-ல் அவருக்குக் கிடைத்தது. கூப்பர்ஸ்டவுன் மேடையில், பின்னால் ஜாம்பவான்கள் உட்கார்ந்திருக்க, மனக்குறை எதுவும் இல்லை என்ற முன்னுரையோடு சொன்னார்: ஆனாலும் தன்னை ஆட்டக்காரராகத்தான் எடுத்திருக்க வேண்டும்!