படுத்திருந்து ஜெயிப்பவர்கள்

'அலோன்' என்ற அமெரிக்க நிகழ்ச்சியைப் பற்றி யாராவது கேட்டால் நான் முதலில் சொல்வது, அதில் கேமராமேன் கிடையாது என்பதைத்தான். டிஸ்கவரி தமிழில் சாகச வீரர் பியர் கிரில்ஸ் எதையாவது பிடித்துப் பச்சையாகக் கடிக்கும்போது, இதைப் படம் எடுத்துக்கொண்டிருக்கிற ஆள் மதியம் என்ன சாப்பிட்டிருப்பார் என்றுதான் என் புத்தி போகும். கிரில்ஸே சில இரவுகளை ஓட்டலில் கழித்தார் என்று 2007இல் சர்ச்சை வெடித்தது. 2021இல் ஜீ தமிழில் அர்ஜுன் நடத்திய 'சர்வைவர்' சான்சிபார் தீவில் நடந்தது. அங்கே பசியைவிடப் பெரிய பிரச்சினை, யாரை வெளியே அனுப்ப யார் ஓட்டுப் போடுகிறார்கள் என்பது. பிக் பாஸ் வீட்டின் கூரையைக் கழற்றிவிட்டுக் கடற்கரையில் வைத்தது போல இருந்தது.

2015இல் ஹிஸ்டரி சேனலில் தொடங்கிய 'அலோன்' வேறு ரகம். பத்துப் பேரை, ஒருவர் இருக்கும் இடம் மற்றவருக்குத் தெரியாமல், தனித்தனியாகக் காட்டில் இறக்கிவிடுவார்கள். அனுமதித்த பட்டியலிலிருந்து ஆளுக்குப் பத்துப் பொருள் எடுத்துக்கொள்ளலாம்: கோடாரி, ரம்பம், ஒரு பாத்திரம், தூண்டில் நரம்பும் முள்ளும், உரசினால் பொறி பறக்கும் கம்பி, இப்படி. கேமராவும் அவர்கள் தலையிலேயே. தாங்க முடியவில்லை என்றால் சாட்டிலைட் போனில் கூப்பிட்டால் போதும், வந்து அழைத்துப் போய்விடுவார்கள். இன்னும் எத்தனை பேர் மிச்சம் என்பது யாருக்கும் தெரியாது. கடைசியில் நிற்பவருக்கு 5 லட்சம் டாலர்.

முதல் சீசன் கனடாவின் வான்கூவர் தீவில் நடந்தது. கரடி நடமாட்டத்தைப் பார்த்துவிட்டு முதல் இரவு விடிவதற்குள் போனை எடுத்தவர் ஒருவர். ஜெயித்த ஆலன் கே இருந்தது 56 நாள். அதன் பிறகு வந்த சீசன்களில் நாள் கணக்கு ஏறியும் இறங்கியும் போனது. இரண்டாவதில் 66, மூன்றாவதில் 87, ஏழாவது சீசனில் 100. அந்த 100 நாள் சீசனில் மட்டும் பரிசு 10 லட்சம் டாலர். ரோலண்ட் வெல்கர் அதை வாங்கிக்கொண்டு போனார்.

இதையெல்லாம் பார்க்கப் பார்க்க எனக்கு ஒன்று உறுத்த ஆரம்பித்தது. இந்த நிகழ்ச்சியில் பலர் ஜெயித்தது உயிர் பிழைக்கும் திறமையால் அல்ல, பட்டினி கிடக்கும் திறமையால். முதல் இரண்டு வாரம் எல்லோரும் குடிசை கட்டுகிறார்கள், கண்ணி வைக்கிறார்கள், மீன் பிடிக்கிறார்கள். அதற்குப் பிறகு பார்த்தால் பாதிப் பேர் படுத்திருக்கிறார்கள். நடந்தால் கலோரி செலவாகும். விறகு வெட்டினால் இன்னும் செலவாகும். அதனால் வரும் முன்னாலேயே தின்று கொழுத்து எடை ஏற்றிக்கொண்டு வருகிறவர்கள் உண்டு. கொழுப்பு அங்கே பதினோராவது பொருள்.

தென் அமெரிக்காவின் படகோனியாவில் எடுத்த மூன்றாவது சீசனில் கார்லி ஃபேர்சைல்ட் என்ற பெண் 86 நாள் தாக்குப் பிடித்தார். மனம் உடையவில்லை, போனையும் எடுக்கவில்லை. மருத்துவக் குழு வந்து பார்த்தபோது உயரத்துக்கேற்ற எடையைக் காட்டும் அவருடைய பிஎம்ஐ 17க்குக் கீழே இறங்கியிருந்தது, அனுப்பிவிட்டார்கள். மறுநாள் இன்னொருவர் ஜெயித்தார். அதே சீசனில் ஒருவர் மீனைப் பிடித்துப் புகை போட்டுக் காயவைத்துச் சேர்த்துக்கொண்டே இருந்தார். நாளைக்கு வேண்டுமே, நாளைக்கு வேண்டுமே என்று தின்னாமல் வைத்திருந்தார். மருத்துவர்கள் வந்தபோது ரத்த அழுத்தம் அபாய அளவுக்குக் குறைந்திருந்தது. குடிசையில் மீன் தொங்கிக்கொண்டிருக்க, அவரை வீட்டுக்கு அனுப்பினார்கள். கஞ்சத்தனத்தைப் பற்றி நம் பாட்டிமார் சொல்லாததையா ஹிஸ்டரி சேனல் சொல்லிவிடப் போகிறது!

ஆறாவது சீசன் இன்னும் விசேஷம். வட கனடாவில் கிரேட் ஸ்லேவ் ஏரிக்கரை. ஜோர்டன் ஜோனாஸ் அம்பெய்து மூஸ் என்ற பிரம்மாண்டமான மானை வீழ்த்தினார். நூற்றுக்கணக்கான கிலோ இறைச்சி. ஆட்டம் முடிந்தது என்று பார்க்கிற நாம் நினைப்போம். ஆனால் இரவோடு இரவாக வுல்வரின் என்ற முரட்டு விலங்கு வந்து, அவர் பிரித்து வைத்திருந்த கொழுப்பைத் தூக்கிக்கொண்டு போனது. அவருக்கு அப்போது போன உயிர், கறி போயிருந்தால் போயிருக்காது. காரணம் இருக்கிறது. வெறும் கொழுப்பில்லாக் கறியை மட்டும் தின்றுகொண்டிருந்தால் ஈரலால் அத்தனை புரதத்தைச் சமாளிக்க முடியாது. வயிறு நிறைய நிறைய உடம்பு வாடும். துருவப் பகுதிக்காரர்கள் இதை 'முயல் பட்டினி' என்கிறார்கள், முயலில் கொழுப்பு அவ்வளவு குறைவு. ஜோனாஸ் 77 நாள் இருந்து ஜெயித்தார். 73 நாள் வரை அவருக்கு ஈடுகொடுத்த வோனியா திபோ கண்ணியில் முயல் பிடித்துப் பிடித்துத் தின்றும் இளைத்துக்கொண்டே போய் விலகினார். அவரே 2022இல் 'அலோன்: ஃப்ரோஸன்' என்ற தனிச் சீசனில் 50 நாள் இருந்து பரிசைத் தட்டினார் என்பதையும் சொல்லிவிட வேண்டும்.

இந்தப் பைத்தியம் எனக்குப் பிடித்திருப்பது தெரிந்து, கல்லூரியில் படிக்கிற என் அக்கா மகன் லேப்டாப்பைத் தூக்கிக்கொண்டு வந்தான். "மாமா, இத ஆடிப் பாருங்க, உங்களுக்குன்னே செஞ்ச மாதிரி இருக்கும்." 'த லாங் டார்க்' என்ற வீடியோ கேம். செய்தது ஹின்டர்லேண்ட் என்ற சிறிய ஸ்டுடியோ; அது பிறந்ததும் அதே வான்கூவர் தீவில்தான். 2014இல் அரைகுறையாக விற்பனைக்கு வந்து, 2017இல் முழுமையானது. நிகழ்ச்சியைப் பார்த்து விளையாட்டைச் செய்யவில்லை, விளையாட்டைப் பார்த்து நிகழ்ச்சியையும் எடுக்கவில்லை. ஒரே குளிரும் ஒரே மழையும் இரண்டு பேருக்கும் ஒரே யோசனையைக் கொடுத்திருக்கிறது.

கதை சிக்கலில்லாதது. வானில் ஏதோ காந்தப் புயல், மின்சாரமெல்லாம் செத்துவிட்டது, பனிக்காட்டில் நீங்கள் ஒருவர். ஜோம்பி இல்லை, வில்லன் இல்லை. குளிர், களைப்பு, தாகம், பசி என்று நான்கு அளவுகள் திரையின் ஓரத்தில் இறங்கிக்கொண்டே இருக்கும். செத்தால் செத்ததுதான், சேமித்த ஆட்டம் அழிந்துவிடும்.

ஒரு பலகை வீட்டுக்குள் நுழைந்தேன். அலமாரியில் பீச் பழ டப்பா ஒன்று. திறக்கக் கத்தி இல்லை, அடித்து உடைத்ததில் கொஞ்சம் சிந்திப்போனது. வெளியே காற்று ஊளையிடுகிறது. நான் கதவுப் பக்கம் நகர்ந்தேன்.

"எங்க போறீங்க மாமா? பனிப்புயல் அடிக்குது. படுங்க."

"பசிக்குதேடா."

"பசிக்கட்டும். தூங்கப் போறப்ப அந்த டப்பாவச் சாப்பிட்டா போதும். அதுவரைக்கும் பட்டினி கிடங்க."

அவன் சொன்னது விளையாட்டுக்குள் ஊறியவர்களுக்குத் தெரிந்த தந்திரம். பகலெல்லாம் பசியளவை பூஜ்யத்தில் விட்டுவிட்டு, படுக்கும்முன் கொஞ்சம் தின்றால், தூக்கத்தில் உடல்நிலை மீண்டுவிடும். பகலில் சாப்பாடு மிச்சம். இப்படியே நூற்றுக்கணக்கான நாள் ஓட்டியவர்கள் உண்டு. விளையாட்டைச் செய்தவர்களுக்கே இது பொறுக்கவில்லை. தொடர்ந்து 72 மணி நேரம் பட்டினி இல்லாமல் இருந்தால் உடல் வலு கூடும், கூடுதலாக 5 கிலோ சுமக்கலாம் என்று ஒரு சலுகையைப் பின்னால் சேர்த்தார்கள். பிள்ளைக்கு லஞ்சம் கொடுத்துச் சாப்பிட வைக்கிற வேலைதான். சும்மா படுத்தே கிடப்பவர்களுக்கும் ஒரு வைத்தியம் வைத்திருக்கிறார்கள்: நாள் கணக்கில் வீட்டுக்குள்ளேயே அடைந்து கிடந்தால் அடைபட்ட மனநோய் வரும், அப்புறம் உள்ளே தூங்கவே முடியாது. 'அலோன்' காட்டுகிற அதே வியாதி.

தொலைக்காட்சியும் கணினியும் தனித்தனியாக நடந்து ஒரே இடத்தில் வந்து நிற்பதைக் கவனியுங்கள். கடைசி வரை இருப்பவருக்குப் பரிசு என்று விதி வைத்தால், மனிதன் முதலில் கண்டுபிடிப்பது சும்மா கிடப்பதைத்தான். உண்மையில் காட்டில் வழி தப்பியவரின் பிரச்சினை வேறு. அவரைக் கொல்வது குளிர், அடுத்தது தாகம். பசி ஆளை முடிக்க வாரக்கணக்கு ஆகும், அதற்குள் பெரும்பாலும் தேடுகிறவர்கள் வந்துவிடுவார்கள். நிகழ்ச்சியிலோ யாரும் தேடி வரமாட்டார்கள், அதனால்தான் பசி கதாநாயகன் ஆகிவிடுகிறது.

இந்த வகையில் வேறு இரண்டு விளையாட்டுகளையும் சொல்லலாம். வான்கூவர் நகரத்தின் க்ளே நிறுவனம் 2013இல் கொண்டுவந்த 'டோன்ட் ஸ்டார்வ்', பசியோடு சேர்த்துப் புத்தி பேதலிப்பதையும் ஓர் அளவாக வைத்தது. போலந்துக்காரர்கள் செய்த 'கிரீன் ஹெல்' அமேசான் காட்டில் நடப்பது. அதில் கைக்கடிகாரத்தைத் திருப்பினால் மாவு, புரதம், கொழுப்பு, நீர் நான்கும் தனித்தனியாகத் தெரியும். கொழுப்பில்லாக் கறியாகத் தின்று தள்ளினாலும் கொழுப்பு இறங்கிக்கொண்டே போகும். ஜோனாஸ் ஏன் அலறினார் என்று எந்த நிகழ்ச்சியையும்விட அந்தக் கடிகாரம் எனக்கு நன்றாக விளக்கியது. அந்த விளையாட்டில் காலைத் தூக்கிப் பார்த்து அட்டையை நாமே பிடுங்க வேண்டும், அது மட்டும் சாப்பாட்டு வேளையில் வேண்டாம்.

நிஜத்தில் செய்து பார்க்க வழி உண்டா? அமெரிக்காவில் உண்டு. யூட்டா மாநிலத்தில் 1960களிலிருந்தே இதற்கென்று பள்ளி நடக்கிறது, 28 நாள் பாடம். 'அலோன்' போட்டியாளர்களே சிலர் வகுப்பு எடுக்கிறார்கள். நம் ஊரிலும் இப்போது 'சர்வைவல் கேம்ப்' என்று மலைத் தோட்டங்களில் நடத்துகிறார்கள். நான் போனதில் கல்லை உரசித் தீ மூட்டச் சொல்லிக் கொடுத்துவிட்டு, மதியம் எவர்சில்வர் கேரியரில் சாம்பார் சாதம் தந்தார்கள். குறை சொல்லவில்லை, சாம்பார் நன்றாகவே இருந்தது.

ஆனால் 'அலோன்' போல ஒன்றை இந்தியாவில் நடத்த முடியாது. 1972ஆம் ஆண்டு வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தின்படி காட்டில் முயலுக்குக் கண்ணி வைத்தாலே குற்றம். ரஜினிகாந்த் 2020 ஜனவரியில் கிரில்ஸோடு பந்திப்பூரில் படமெடுத்தபோது, புலிகள் காப்பகத்துக்குள் இதெல்லாம் தேவையா என்று கேட்டவர்கள் பலர்.

ஆனால் காட்டில் பிழைக்கும் திறமையோடு பிறந்து வளர்ந்தவர்கள் நம்மிடம் இல்லாமல் இல்லை. செங்கல்பட்டு மாவட்டத்து இருளர்கள் மாசி சடையனும் வடிவேல் கோபாலும் 2017இல் அமெரிக்காவின் புளோரிடாவுக்கே போய், அங்கே பெருகிவிட்ட பர்மிய மலைப்பாம்புகளைத் தடம் பார்த்துப் பிடித்துக் கொடுத்தார்கள். 20க்கும் மேற்பட்ட பாம்புகள். 2023இல் இருவருக்கும் பத்மஸ்ரீ கிடைத்தது. காட்டில் இருப்பது அவர்களுக்குப் போட்டி இல்லை, பிழைப்பு. 'அலோன்' பதினோராவது சீசனில் 84 நாள் இருந்து ஜெயித்த வில்லியம் லார்கமும் பயிற்சியாளர் இல்லை. கனடாவின் லாப்ரடாரில் மீன் பிடித்தும் பொறி வைத்தும் வாழ்கிற இனூயிட் ஆள். இத்தனை சீசன் கழித்து அப்படி ஒருவர் ஜெயித்ததில் எனக்குத் தனி மகிழ்ச்சி.

என் தீர்ப்பு இது. நிகழ்ச்சியைப் பாருங்கள், ஆறாவது சீசனில் ஆரம்பியுங்கள். விளையாடுவதாக இருந்தால் 'த லாங் டார்க்'கில் 'பில்கிரிம்' என்ற சுலப நிலையை எடுங்கள். ஓநாய்கள் உங்களைக் கண்டால் ஓடும், பனியைப் பார்த்துக்கொண்டு நடக்கலாம். வீட்டுப் பிள்ளைகள் யாராவது 'படுங்க' என்றால் கேட்காதீர்கள். நிஜமாகவே நடக்க ஆசை என்றால், வனத்துறை 2024 அக்டோபரில் 40 தடங்களோடு தொடங்கிய 'ட்ரெக் தமிழ்நாடு' திட்டம் இருக்கிறது, இணையத்தில் பதிவு செய்யலாம். வழிகாட்டியாக வருகிறவர்களில் பலர் அந்தந்த மலைக்காரர்கள். அவர்களிடம் பேச்சுக் கொடுங்கள். தீ அபாயமுள்ள கோடையில் தடங்களை மூடிவிடுவார்கள், அப்போது குறுக்கு வழி தேடாதீர்கள். 2018 மார்ச்சில் குரங்கணி மலையில் காட்டுத் தீயில் சிக்கி 20க்கும் மேற்பட்டவர்கள் இறந்தார்கள். 'அலோன்'காரர்கள் பத்துப் பொருளில் முதலில் எழுதுவது தீ மூட்டும் கம்பியை. நீங்கள் தயவுசெய்து தீப்பெட்டியை வீட்டிலேயே வைத்துவிட்டுப் போங்கள்.